சங்கம் வைக்கத் தாளாளரின் அனுமதி வேண்டுமா?

தென் மாவட்டம் ஒன்றில், அரசு உதவி பெறும் மேல்நிலைப் பள்ளியில் பத்தொன்பது ஆண்டுகளாகப் பணியாற்றும் பட்டதாரி ஆசிரியை ஒருவர் ஆறு பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். ஆளையும் ஊரையும் காட்டிக்கொடுக்கும் விவரங்களை நீக்கிச் சுருக்கமாகத் தருகிறேன்.

கொரோனா காலத்தில் இணைய வகுப்பு எடுக்கத் தெரியாமல் திண்டாடிய ஆசிரியைகள் சிலர் ஒருவருக்கொருவர் உதவிக்கொள்ள ஒரு வாட்ஸ்அப் குழு தொடங்கினார்கள். இன்று அதில் 46 பேர் இருக்கிறார்கள். அரசுப் பள்ளி, உதவி பெறும் பள்ளி, மெட்ரிகுலேஷன் பள்ளி என எல்லா வகைப் பள்ளிகளிலிருந்தும் வந்தவர்கள். மாதத்தின் இரண்டாம் ஞாயிறன்று யாராவது ஒருவர் வீட்டு மாடியில் கூடுகிறார்கள். மாதிரிப் பாடம் நடத்திப் பார்ப்பது, துறைத் தேர்வுக்கும் தகுதித் தேர்வுக்கும் சேர்ந்து படிப்பது, புதிதாக வேலைக்கு வந்த பெண்களுக்கு வழிகாட்டுவது ஆகியவை அவர்களுடைய வேலைகள். ஆளுக்கு மாதம் 200 ரூபாய் போட்டதில், இரண்டு மாணவிகளின் கல்லூரிக் கட்டணம் போக, இப்போது 2,40,000 ரூபாய் சேர்ந்திருக்கிறது. அந்தப் பணம் பொருளாளராக இருக்கும் ஆசிரியையின் சொந்தச் சேமிப்புக் கணக்கில் இருக்கிறது. அதிலிருந்து உறுப்பினர்களுக்கு நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டியில் கைமாற்றும் கொடுக்கிறார்கள்; அடுத்து ஏலச்சீட்டு நடத்தலாமா என்ற யோசனையும் ஓடுகிறது.

குழுவை முறையான சங்கமாகப் பதிவு செய்ய நினைத்தபோதுதான் சிக்கல்கள் வரிசைகட்டின. "நிர்வாகத்தின் முன் அனுமதியின்றிச் சங்கம் அமைத்துச் சக ஆசிரியர்களைத் தூண்டியது ஏன்?" என்று ஏழு நாளில் விளக்கம் கேட்டுத் தாளாளர் மெமோ கொடுத்திருக்கிறார். ஏற்கெனவே உள்ள ஆசிரியர் சங்கத்தின் மாவட்டப் பொறுப்பாளர், பெண்களுக்கு மட்டும் சங்கம் வைப்பது சட்டப்படி செல்லாது என்றும் இது ஆசிரியர் ஒற்றுமையைப் பிளக்கும் வேலை என்றும் சொல்லிவிட்டார். ஓய்வுபெற்ற தலைமையாசிரியை ஒருவர், டிரஸ்ட்டாகப் பதிவு செய்து தம்மை ஆயுட்கால நிர்வாக அறங்காவலராக ஆக்கிவிட்டால் தொல்லை இல்லை என்கிறார். அமெரிக்கக் குடியுரிமை பெற்ற ஒன்றுவிட்ட அக்கா, அங்கே தாம் சேர்ந்திருக்கும் பெண் கல்வியாளர் சங்கத்தைச் சொல்லி, அதே போல் இங்கேயும் நடத்துங்கள், பணம் அனுப்புகிறேன் என்கிறார். கணவரோ, வேலைக்கே உலை வைத்துவிடும், விட்டுவிடு என்கிறார். கடிதத்தின் கடைசி நான்கு வரிகளில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. குழுவில் உள்ள இளம் மெட்ரிகுலேஷன் பள்ளி ஆசிரியை ஒருவரிடம் அப்பள்ளியின் நிர்வாக அலுவலர் பாலியல் ரீதியாகத் தவறாக நடந்துகொண்டிருக்கிறார், கடைசியாக அப்படி நடந்து ஏழு வாரம் ஆகிறது, "சங்கம் பதிவானதும் முதல் வேலையாக அவரைக் கூப்பிட்டு விசாரிக்கலாம் என்றிருக்கிறோம்."

மதிப்புக்குரிய ஆசிரியைக்கு,

அந்தக் கடைசி நான்கு வரிகளிலிருந்துதான் நான் தொடங்க வேண்டியிருக்கிறது. மற்ற கேள்விகள் ஒரு மாதம் காத்திருந்தாலும் கெட்டுப்போகாதவை, இது அப்படியல்ல. இந்தப் பகுதியையும் மெமோ பற்றிய பகுதியையும் முன்கூட்டியே உங்கள் மின்னஞ்சலுக்கு அனுப்பியதற்கும் அதுவே காரணம்.

சங்கம் பதிவாகும்வரை அந்தப் புகார் காத்திருக்கக் கூடாது

பணியிடத்தில் பெண்கள் மீதான பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, கடைசிச் சம்பவம் நடந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் எழுத்து மூலமாகப் புகார் கொடுக்க வேண்டும். தாமதத்துக்குத் தக்க காரணம் இருந்தால், அதைப் பதிவு செய்துவிட்டு, புகாரை விசாரிக்கும் குழு மேலும் மூன்று மாதம் வரை நீட்டித்துக் கொடுக்கலாம். அதற்கு மேல் இல்லை. இந்தக் கெடு வெறும் சம்பிரதாயம் என்று யாரும் எண்ணிவிடக் கூடாது. 2025 செப்டம்பரில், ஒரு சட்டப் பல்கலைக்கழகத்தின் பேராசிரியை கொடுத்த புகாரைக் காலம் கடந்தது என்ற காரணத்தினாலேயே ஏற்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உங்கள் தோழிக்கு ஏழு வாரம் ஏற்கெனவே போய்விட்டது. சங்கப் பதிவு என்பது, மாவட்டப் பதிவாளர் அலுவலகத்தில் ஒரு திருத்தம் சொல்லித் திருப்பி அனுப்பினாலே வாரக்கணக்கில் இழுக்கும் காரியம்.

பத்து பேரோ அதற்கு மேலோ வேலை பார்க்கும் எந்தப் பள்ளியிலும், இத்தகைய புகார்களை விசாரிக்கும் உள்ளகக் குழு இருந்தாக வேண்டும். அதன் தலைவர் மூத்த பெண் பணியாளராகவும், உறுப்பினர்களில் பாதிக்குக் குறையாமல் பெண்களாகவும் இருக்க வேண்டும். குழுவே அமைக்காத நிர்வாகத்துக்கு 50,000 ரூபாய் வரை அபராதம் உண்டு. பணியாளர் பத்துக்கும் குறைவாக இருந்து அதனால் குழு இல்லாத இடங்களிலும், புகாரே முதலாளி மீது எழும்போதும், மாவட்ட அளவிலான உள்ளூர்க் குழுவிடம் போகலாம். மாவட்ட சமூக நல அலுவலகத்தில் கேட்டால் வழி சொல்வார்கள். 181 என்ற பெண்கள் உதவி எண்ணும் இருக்கிறது. காவல் நிலையத்தில் தனியாகப் புகார் கொடுக்கும் உரிமை இவை எதனாலும் போய்விடாது. அதைக் கொடுப்பதா வேண்டாமா என்பதை அந்தப் பெண்தான் முடிவு செய்ய வேண்டும். 46 பேர் கையைத் தூக்கி முடிவு செய்யும் விஷயமல்ல அது.

அந்த நிர்வாக அலுவலரை ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்துக்கு வரவழைத்து விசாரிக்கும் எண்ணத்தை இன்றோடு கைவிட்டுவிடுங்கள். விசாரிக்கும் அதிகாரம் சட்டப்படி அமைந்த குழுவுக்கு மட்டுமே உண்டு. பதிவு பெற்ற சங்கமாக இருந்தாலும் உங்களுக்கு அது கிடையாது. செய்தால் அவதூறு வழக்குக்கு நீங்களே வழி திறந்துவிடுகிறீர்கள். உங்கள் வாட்ஸ்அப் குழுவில் ஒருவர் அந்த அலுவலரின் பெயரைப் போட்டு எழுதியதாகக் குறிப்பிட்டிருக்கிறீர்கள். புகார் கொடுத்தவர், எதிர்த்தரப்பு, சாட்சிகள் ஆகியோரின் விவரங்களை வெளியிடக் கூடாது என்று அதே சட்டம் சொல்கிறது. எனவே இனி அங்கே ஒருவரும் ஒரு வரியும் எழுத வேண்டாம்.

நீங்கள் செய்யக்கூடியது வேறு. எந்த நாள், எந்த நேரம், எந்த அறை, உடன் யார் இருந்தார்கள் என்று அந்தப் பெண் நினைவிலிருந்து சொல்லச் சொல்ல ஒருவர் எழுதிக் கொடுங்கள். அவருக்கு வந்த குறுஞ்செய்திகளை நீக்காமல், கைப்பேசியை மாற்றாமல் வைத்திருக்கச் சொல்லுங்கள். புகாரைக் கொடுக்கப் போகும்போது ஒருவர் துணைக்குப் போங்கள். நாளை உங்கள் சங்கம் பதிவாகி நிலைபெற்ற பிறகு, பெண்கள் நலனுக்குப் பாடுபடும் அமைப்பு என்ற தகுதியில் பிற பள்ளிகளின் உள்ளகக் குழுக்களுக்கு வெளி உறுப்பினர்களைத் தர முடியும். சட்டம் ஒவ்வொரு குழுவிலும் அப்படி ஒரு வெளி ஆள் இருக்க வேண்டும் என்கிறது. நிர்வாகத்துக்கு வேண்டிய வழக்கறிஞரையோ தாளாளரின் உறவினரையோ அந்த இடத்தில் உட்கார வைக்கும் வழக்கத்தைப் பார்த்து வருபவன் என்ற முறையில், இது சிறிய பணி அல்ல என்று சொல்வேன்.

மெமோவுக்குப் பதில்

கெடுவுக்குள் பதில் கொடுங்கள். மன்னிப்புக் கேட்க வேண்டாம், சண்டைக்கும் போக வேண்டாம். பணி நேரத்திலோ பள்ளி வளாகத்திலோ எந்தக் கூட்டமும் நடத்தவில்லை என்பது, கூடியது விடுமுறை நாளில் ஒரு தனியார் வீட்டில் என்பது, நோக்கம் கற்பித்தல் திறனை வளர்ப்பதும் தேர்வுகளுக்குப் படிப்பதும் என்பது, எந்த ஆசிரியரையும் நிர்வாகத்துக்கு எதிராகத் தூண்டவில்லை என்பது, சங்கம் அமைக்கும் உரிமை அரசமைப்புச் சட்டத்தில் உள்ளது என்பது ஆகிய ஐந்து செய்திகளும் ஒரே பக்கத்தில் அடங்கும். தாளாளர் முன்பு உங்களைப் பேசிய பழைய கதைகள், சம்பளப் பட்டியல் தாமதம், சக ஆசிரியர் ஒருவர் கோள் சொன்னார் என்ற சந்தேகம் எதுவும் அதில் வரக் கூடாது. தலைமையாசிரியர் வழியாகக் கொடுத்து நகலில் தேதியோடு கையொப்பம் வாங்குங்கள். கையொப்பம் தர மறுத்தால் ஒப்புகையோடு விரைவு அஞ்சலில் அனுப்பிவிட்டு ரசீதைப் பத்திரப்படுத்துங்கள்.

மெமோ என்றதும் வேலை போய்விட்டது போல உங்கள் கணவர் பதறுவது புரிகிறது. ஆனால் விளக்கம் கேட்பது தண்டனை ஆகாது. உதவி பெறும் பள்ளியில் நிரந்தரப் பணியில் உள்ள ஆசிரியரைக் குற்றச்சாட்டுக் குறிப்பாணை, விசாரணை, கல்வித் துறையின் முன் அனுமதி என்ற படிகளைத் தாண்டாமல் நிர்வாகம் நீக்கிவிட முடியாது என்பது, தமிழ்நாட்டில் 1973-ஆம் ஆண்டின் தனியார் பள்ளிகள் சட்டக் காலத்திலிருந்தே வேரூன்றிய பாதுகாப்பு.

அனுமதி வேண்டுமா?

சங்கம் அமைக்கும் உரிமை அரசமைப்புச் சட்டத்தின் 19(1)(இ) பிரிவில் இருக்கிறது. அதற்கு எந்தத் தாளாளரின் அனுமதியும் முன் நிபந்தனை அல்ல. அரசு ஊழியர்களுக்கும் இந்த உரிமை உண்டு. அரசு அங்கீகரிக்காத சங்கத்தில் ஊழியர் சேரக் கூடாது என்ற ஒன்றிய அரசின் நடத்தை விதியை உச்ச நீதிமன்றம் 1962-லேயே செல்லாது என்று தள்ளியது. உங்கள் உரையாடல்களில் 'பதிவு', 'அங்கீகாரம்' இரண்டும் கலந்து கிடப்பதைக் காண்கிறேன். பதிவு என்பது மாவட்டப் பதிவாளர் தருவது. அங்கீகாரம் என்பது, பேச்சுவார்த்தைக்கு அழைக்கத் தக்க அமைப்பு என்று அரசு ஏற்றுக்கொள்வது. முன்னது இருந்தால் பின்னது தானாக வந்துவிடாது. உங்கள் நோக்கத்துக்குப் பின்னது தேவையும் இல்லை.

இவ்வளவு சொன்ன பிறகு, 46 பேரின் நிலையும் ஒன்றல்ல என்பதையும் சொல்ல வேண்டும். அரசுப் பள்ளி ஆசிரியைகளைப் பொறுத்தவரை, சங்கத்தில் உறுப்பினராவதில் சிக்கல் இல்லை. பொதுமக்களிடமோ நிறுவனங்களிடமோ நன்கொடை திரட்டுவதற்கு நடத்தை விதிகளின்படி முன் அனுமதி வேண்டும் என்பதால், நிதி திரட்டும் பொறுப்பில் அவர்கள் பெயரைப் போடாதீர்கள். பொறுப்பேற்பவர்கள் துறைக்கு உரிய வழியில் ஒரு கடிதம் கொடுத்துவிடுவது நல்லது. உண்மையில் கவலைக்குரியவர்கள் மெட்ரிகுலேஷன் பள்ளி ஆசிரியைகள்தான். அடிப்படை உரிமை அரசுக்கு எதிராக எழுப்பக்கூடியது. தனியார் முதலாளி "அடுத்த ஆண்டு உங்கள் சேவை தேவையில்லை" என்று சொல்லிவிட்டால், அதை உயர் நீதிமன்றத்துக்கு ரிட் மனுவாகக் கொண்டு போவது எளிதல்ல. ஆகவே முதல் நிர்வாகக் குழுவில் ஓய்வுபெற்றவர்களும் உங்களைப் போன்ற உதவி பெறும் பள்ளி ஆசிரியைகளும் பெயர் கொடுங்கள். மெட்ரிகுலேஷன் பள்ளிப் பெண்கள் சாதாரண உறுப்பினர்களாக இருக்கட்டும். இது சமத்துவம் இல்லை என்று சிலர் வருந்தலாம்; வேலையை இழக்கக்கூடியவரை முன்வரிசையில் நிறுத்துவதைவிட இதுவே மேல் என்பது என் கருத்து.

சொசைட்டி, டிரஸ்ட், தொழிற்சங்கம்

தொழிற்சங்கம் உங்களுக்குப் பொருந்தாது. கோவாவில் ஒரு தனியார் பள்ளி ஆசிரியை தொடுத்த வழக்கில், ஆசிரியர் பணி மேன்மையான பணி என்பதாலேயே அவர் தொழில் தகராறுகள் சட்டத்தின்படி 'தொழிலாளி' ஆக மாட்டார் என்று 1988-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பாராட்டிக்கொண்டே வாசலுக்கு வெளியே நிறுத்திய தீர்ப்பு என்று அதை நான் நினைப்பதுண்டு. உங்கள் நோக்கமும் கூலிப் பேச்சுவார்த்தை அல்லவே.

டிரஸ்ட் யோசனையைத் தலைமையாசிரியை அம்மா நல்லெண்ணத்தோடுதான் சொல்லியிருப்பார். ஆனால் டிரஸ்ட்டில் உறுப்பினர் என்று யாரும் கிடையாது. அறங்காவலர்கள் இருக்கிறார்கள், பயன் பெறுவோர் இருக்கிறார்கள், அவ்வளவுதான். மாதம் 200 ரூபாய் போட்ட 46 பேருக்கும் கணக்குக் கேட்கவோ, ஓட்டுப் போடவோ, பொறுப்பாளரை மாற்றவோ வழி இருக்காது. ஆயுட்கால நிர்வாக அறங்காவலர் என்றால், அவருக்குப் பிறகு யார் என்பதையும் பெரும்பாலும் அவரே எழுதிவைப்பார். ஒரே குடும்பம் நிலம் எழுதி வைத்துக் கல்விக்கொடை நடத்துவதற்கு அது ஏற்ற வடிவம். சமமானவர்கள் சேர்ந்து நடத்தும் அமைப்புக்கு ஏற்றதல்ல. அவரைச் சங்கத்தின் முதல் தலைவராக முன்மொழியுங்கள். மரியாதையும் நிற்கும், மூன்றாண்டில் தேர்தலும் வரும்.

ஆகவே 1975-ஆம் ஆண்டின் தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டத்தின் கீழ் சொசைட்டியாகப் பதிவு செய்வதே சரி. ஏழு பேர் கையொப்பமிட்டால் போதும். நிர்வாகக் குழுவில் மூவருக்குக் குறையக் கூடாது. குழுவின் பதவிக்காலம் மூன்றாண்டைத் தாண்டக் கூடாது. சங்கத்தின் முகவரியாகப் பள்ளியைக் காட்டாதீர்கள். ஓய்வுபெற்ற ஒருவரின் வீட்டு முகவரியை, வீட்டு உரிமையாளரின் ஒப்புதல் கடிதத்தோடு காட்டுங்கள்.

கணினி மையத்தில் கிடைக்கும் மாதிரி பைலாவில், அதாவது சங்க விதிமுறைத் தொகுப்பில், சங்கத்தின் பெயரை மட்டும் மாற்றிக் கையொப்பம் போட்டுவிடுவது பரவலான பழக்கம். பெரும்பாலான சங்கச் சண்டைகள் அந்தப் பைலாவில்தான் பிறக்கின்றன. உங்கள் பைலாவில் கீழ்க்கண்டவை உங்கள் சொந்தச் சொற்களில் இருக்கட்டும்:

- உறுப்பினர் யார்: பணியில் இருப்பவர் மட்டுமா, ஓய்வுபெற்றவருமா, அங்கன்வாடிப் பணியாளரும் பயிற்சி நிறுவன ஆசிரியரும் சேரலாமா என்பது. திருநங்கை ஆசிரியர்களும் இதில் அடக்கம் என்று ஒரு வரி எழுதிவிடுங்கள். பின்னால் ஒருவர் விண்ணப்பிக்கும்போது அவரை வைத்துக்கொண்டு விவாதிக்கும் அவமானம் நேராது.
- சந்தா எத்தனை மாதம் நின்றால் உறுப்பினர் பதவி போகும், அதற்கு முன் எப்படி அறிவிப்புக் கொடுக்க வேண்டும் என்பது.
- ஒருவரே தலைவராகவோ பொருளாளராகவோ தொடர்ந்து எத்தனை முறை இருக்கலாம் என்பது.
- சங்கம் கலைந்தால் மீதிப் பணம் உறுப்பினர்களுக்குப் பங்கு பிரியாது, இதே நோக்கமுள்ள வேறொரு சங்கத்துக்குப் போகும் என்பது.

பதிவுச் சான்றிதழைக் கண்ணாடிச் சட்டம் போட்டுச் சுவரில் மாட்டிவிட்டு ஆண்டறிக்கையை மறந்துவிடும் சங்கங்கள் ஏராளம். ஆண்டுதோறும் பொதுக்குழு கூட வேண்டும். நிதியாண்டு முடிந்து ஆறு மாதத்துக்குள் வரவு செலவும் ஐந்தொகையும் பதிவாளரிடம் போக வேண்டும். நிர்வாகிகள் மாறினால் மூன்று மாதத்துக்குள் தெரிவிக்க வேண்டும். சில ஆண்டுகள் இதை விட்டுவிட்டால், பிறகு வங்கி கேட்கும் ஒரு சிறு சான்றுக்குக்கூடத் தாமத மன்னிப்பு மனு, அபராதம் என்று அலைய நேரும். தாக்கல் செய்யும் வேலையை விரும்பிச் செய்யக்கூடிய ஒரு கணக்கு ஆசிரியை உங்களில் இல்லாமலா போவார்?

உங்கள் பணம்

தாளாளரின் மெமோவைக் காட்டிலும் என்னை அதிகம் உறுத்தியது, நீங்கள் போகிற போக்கில் குறிப்பிட்ட அந்தச் சேமிப்புக் கணக்கு. பொருளாளர் நாணயமானவர் என்று இரண்டு இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். அதில் எனக்கு ஐயமில்லை. ஆனால் அவருக்கு நாளை ஏதேனும் நேர்ந்தால், வங்கி அந்த 2,40,000 ரூபாயை வாரிசுதாரராகப் பதியப்பட்டுள்ள அவருடைய கணவரிடம்தான் கொடுக்கும். அதில் அவர் குடும்பத்தின் பணம் எவ்வளவு, 46 பேரின் பணம் எவ்வளவு என்று பாஸ்புத்தகம் பிரித்துச் சொல்லாது. வட்டி முழுவதும் இன்று அவருடைய பான் எண்ணில் அவருடைய வருமானமாகவே போய்க்கொண்டிருக்கிறது. அவர் மீது யாராவது கடன் வழக்குப் போட்டு அந்தக் கணக்கை முடக்கினால், உங்கள் மாணவியின் கட்டணமும் அதோடு முடங்கும். பதிவு இல்லாத குழு தன் பெயரில் வழக்குத் தொடுத்துப் பணத்தை மீட்பதும் கடினம். கணக்கை இப்படி வைத்திருப்பது மற்றவர்களுக்கு மட்டுமல்ல, பொருளாளருக்கும் பாதுகாப்பு இல்லை.

அடுத்த கூட்டத்துக்கு அவர் பாஸ்புத்தக நகலோடு வரட்டும். யார் எவ்வளவு கட்டினார்கள், என்ன செலவாயிற்று, யாரிடம் கைமாற்று நிலுவை என்று ஒரே தாளில் எழுதி, வந்திருப்பவர்கள் அனைவரும் கையொப்பமிடுங்கள். அந்தத் தாள்தான் நாளை உங்கள் சங்கத்தின் தொடக்க இருப்புக்கு ஆதாரம். பதிவானதும் சங்கத்தின் பெயரில் பான் எண் வாங்கி, மூன்று பேரில் இருவர் கையொப்பம் என்ற ஏற்பாட்டில் கணக்குத் தொடங்கி, முழுத் தொகையையும் ஒரே காசோலையில் மாற்றுங்கள்.

வட்டிக்குக் கொடுப்பதை நிறுத்துங்கள். "உறுப்பினர்களுக்குள் தானே" என்று நீங்கள் கேட்பது காதில் விழுகிறது. கல்வி வளர்ச்சிக்கென்று பதிவாகும் சங்கம் கடன் கொடுத்து வட்டி வாங்கினால், பதிவாளரும் கேட்பார், வருமான வரித் துறையும் கேட்கும். தொடர்ந்து வட்டிக்கு விடுவதற்கு உரிமம் வேண்டும் என்று இந்த மாநிலத்தில் 1957 முதலே சட்டம் இருக்கிறது. ஏலச்சீட்டு இன்னும் ஆபத்து. 1982-ஆம் ஆண்டின் சீட்டு நிதிச் சட்டப்படி முன் அனுமதியும் பதிவும் இல்லாமல் சீட்டு நடத்துவது குற்றம். மாதம் இரண்டாயிரம் ரூபாய்ச் சீட்டில் சீட்டை எடுத்த ஒருவர் கட்டத் தவறியதும் நட்பும் சங்கமும் ஒன்றாக முறிவதை வழக்கு மன்றங்களில் பார்க்கலாம். கடன் வசதி வேண்டியவர்களுக்கு ஆசிரியர் கூட்டுறவு சிக்கன நாணயச் சங்கங்கள் இருக்கவே இருக்கின்றன. அவை வேறு சட்டத்தில் அதற்கென்றே அமைந்தவை.

அக்கா அனுப்புவதாகச் சொல்லும் பணத்துக்கும் இப்போது 'வேண்டாம்' என்றே சொல்லுங்கள். அவர் இந்தியக் குடியுரிமையோடு வெளிநாட்டில் வாழ்பவராக இருந்து, சொந்தச் சேமிப்பிலிருந்து வங்கி வழியாக அனுப்பினால் அது வெளிநாட்டு நன்கொடை ஆகாது. அமெரிக்கக் குடிமகள் ஆகிவிட்டதால், அவரும் அவருடைய சங்கமும் 2010-ஆம் ஆண்டின் வெளிநாட்டு நன்கொடை ஒழுங்குமுறைச் சட்டத்தின்படி 'வெளிநாட்டு ஆதாரம்' ஆகிறார்கள். அந்தச் சட்டத்தின் கீழ் பதிவோ முன் அனுமதியோ இல்லாமல் ஒரு டாலர்கூட வாங்கக் கூடாது. பதிவுக்கு விண்ணப்பிக்கவே பொதுவாக மூன்றாண்டு செயல்பாடு காட்ட வேண்டும். சங்கத்துக்காக உங்கள் சொந்தக் கணக்கில் வாங்கிக்கொள்வது குறுக்கு வழி அல்ல, குற்றம். அரசு ஊழியர்களை அந்தச் சட்டம் தனியாகவே தடை செய்கிறது என்பதையும் உறுப்பினர்களுக்குச் சொல்லிவிடுங்கள்.

பெண்களுக்கு மட்டும் என்பது செல்லாதா? பிளவா?

செல்லும். சங்கமாகச் சேர்பவர்கள் யாரோடு சேர்வது என்பதையும் தாங்களே தீர்மானிக்கலாம் என்பதே சட்டத்தின் நிலை. பார்சிகளுக்கு மட்டும் உறுப்பினர் உரிமை தந்த ஒரு கூட்டுறவு வீட்டுவசதிச் சங்கத்தின் விதியையே உச்ச நீதிமன்றம் 2005-ல் ஏற்றுக்கொண்டது. பெண்களுக்காகச் சிறப்பு ஏற்பாடு செய்ய அரசுக்கே அரசமைப்புச் சட்டத்தின் 15(3) பிரிவு வழிவிடும்போது, தனிப்பட்ட பெண்கள் ஒன்றுசேர்வதைச் சட்ட விரோதம் என்பதற்கு இடமில்லை.

பிளவு என்ற குற்றச்சாட்டு சட்டத்துக்கு அப்பாற்பட்டது. என்றாலும் அது இந்த நாட்டிலும் வெளியிலும் நூற்றாண்டுக்கு மேலாக ஆசிரியைகள் கேட்டுவரும் வசைதான். இங்கிலாந்தில் தேசிய ஆசிரியர் சங்கத்துக்குள் 1904-ல் சம ஊதியக் கழகம் என்ற பெயரில் பெண்கள் ஓர் அணியாகத் திரண்டார்கள். ஆணுக்கு ஒரு சம்பளமும் பெண்ணுக்கு ஒரு சம்பளமுமாக இருந்த காலம் அது. தாய்ச்சங்கத்துக்குள் போதிய இடம் கிடைக்காமல் 1920-ல் அவர்கள் தனிச் சங்கமானார்கள். அங்கே ஆசிரியர்களுக்குச் சம ஊதியம் 1955-ல் முடிவாகி, படிப்படியாக 1961-ல் நிறைவேறியது. அதே ஆண்டில், வந்த வேலை முடிந்தது என்று அந்தப் பெண் ஆசிரியர் சங்கம் தன்னைக் கலைத்துக்கொண்டது.

உங்கள் அக்கா சொல்லும் அமெரிக்க மாதிரி வேறு வகை. 1929 மே மாதத்தில் டெக்சாஸ் மாநிலம் ஆஸ்டினில் டெல்டா கப்பா காமா என்ற பெண் கல்வியாளர் சங்கத்தைத் தொடங்கிய ஆன்னி வெப் பிளாண்டன், அதற்கு முன்பே 1916-ல் ஆண்களும் பெண்களும் சேர்ந்திருந்த டெக்சாஸ் மாநில ஆசிரியர் சங்கத்தின் முதல் பெண் தலைவராக இருந்தவர். பொதுச் சங்கத்தில் இடம் கிடைக்காமல் வெளியேறியவர் அல்லர். அங்கே தலைமையில் இருந்து பார்த்தவர். அவருடைய சங்கம் சம்பளத்துக்குப் போராடுவதற்காக அல்ல. பெண்கள் மேற்படிப்புப் படிக்கவும், பதவிகளுக்கு முன்வரவும் துணைநிற்பதற்காக. நம் பக்கத்திலும் 1927-ல் மார்கரெட் கசின்ஸ் முன்முயற்சியில் புனேயில் கூடிய அகில இந்தியப் பெண்கள் மாநாடு முதலில் கல்விச் சீர்திருத்தத்துக்காகக் கூடியதுதான். டெல்லியில் 1932-ல் தொடங்கிய லேடி இர்வின் கல்லூரி அதன் முயற்சியில் எழுந்தது.

உங்கள் குழு இந்த இரண்டாவது வகை. அதை அப்படியே வைத்துக்கொள்ளுங்கள் என்பதே என் ஆலோசனை. ஊதியம், ஓய்வூதியம், இடமாற்றக் கலந்தாய்வு போன்றவற்றைப் பொதுச் சங்கத்திடமே விடுங்கள். அதற்கு எண்ணிக்கை பலம் வேண்டும், ஆண்டுக்கணக்கில் வழக்கு நடத்தும் தெம்பும் வேண்டும். பணிக்கொடை (கிராஜுவிட்டி) சட்டத்தில் ஆசிரியர்களுக்கு இடமில்லை என்று 2004-ல் உச்ச நீதிமன்றத்தில் தோற்றது அகமதாபாத்தின் தனியார் தொடக்கப் பள்ளி ஆசிரியர் சங்கம். ஆனால் சட்டமன்றம் இதைக் கவனிக்கலாம் என்று அந்தத் தீர்ப்பிலேயே சொல்லப்பட்டது. 2009-ல் நாடாளுமன்றம் சட்டத்தைத் திருத்தி, 1997 ஏப்ரல் 3 முதல் முன்தேதியிட்டு ஆசிரியர்களைச் சேர்த்தது. தனியார் பள்ளிகள் அதை எதிர்த்துத் தொடுத்த வழக்கு 2022-ல் தள்ளுபடியானது. இன்று உங்கள் குழுவில் ஐந்தாண்டு முடித்து விலகும் ஒரு மெட்ரிகுலேஷன் பள்ளி ஆசிரியை பணிக்கொடை கேட்க முடிகிறதென்றால், பின்னால் இருப்பது இந்த நீண்ட வரலாறு. அவர்களில் பலருக்கு அப்படி ஓர் உரிமை இருப்பதே தெரியாது. இரண்டாம் ஞாயிறு ஒன்றில் அதை மட்டும் ஒரு மணி நேரம் பேசுங்கள்.

எந்தப் பக்கமும் சேராமல் நிற்பதாகக் காட்டிக்கொள்ள, பொதுச் சங்கத்திலிருந்து விலகிவிடலாமா என்றும் கேட்டிருந்தீர்கள். வேண்டாம். இரண்டிலும் உறுப்பினராக இருக்கத் தடை ஏதும் இல்லை. அந்த மாவட்டப் பொறுப்பாளருக்கு உங்கள் பைலாவின் நோக்கப் பகுதியை மட்டும் நகல் எடுத்து ஒரு கடிதத்தோடு அனுப்புங்கள். இந்த ஆண்டுச் சந்தாவையும் தவறாமல் கட்டிவிட்டு, அவர்களுடைய மாவட்டச் செயற்குழுவில் எத்தனை பெண்கள் இருக்கிறார்கள் என்று அதே கடிதத்தில் கேளுங்கள்.